நங்கூரத்துக்கு எட்டாத குழாய்

கனடாவின் மான்ட்ரியல் தீவிலுள்ள கர்க்லாண்டில் குடியிருப்பவர்களுக்குத் தாங்கள் இருப்பது ஒரு தீவு என்பதே மறந்துபோகும். பாலங்கள் அவ்வளவு பழகிவிட்டன. ஆனால் இந்தத் தீவுக்குப் பாலம் ஏறாமலும் சரக்கு வந்திருக்கிறது. 1941-இல் அமெரிக்காவின் மேய்ன் மாநிலத்துக் கடற்கரையிலிருந்து சுமார் 380 கி.மீ. குழாய் போட்டு, செயின்ட் லாரன்ஸ் ஆற்றைக் கடந்து, தீவின் கிழக்குப் பக்கத்து ஆலைகளுக்குக் கச்சா எண்ணெய் கொண்டுவந்தார்கள். குளிர்காலத்தில் ஆறு உறைந்துவிடும்; கடலிலோ ஜெர்மன் நீர்மூழ்கிகள்.

ஆற்றடிக் குழாயின் கதையில் ஒரு சிங்கி இறாலுக்கும் பங்கு உண்டு. 1810 வாக்கில் கிளாஸ்கோ நகரத்துக்குக் கிளைடு ஆற்றின் அக்கரையிலிருந்து தண்ணீர் வரவேண்டியிருந்தது. படுகை மேடும் பள்ளமும். விறைத்த வார்ப்பிரும்புக் குழாய் அங்கே தாங்காது. நீராவி எஞ்சினால் பேர்பெற்ற ஜேம்ஸ் வாட் இறால் வாலைக் கவனித்தார். ஓடு கெட்டி, ஆனால் வால் வளைகிறதே! கிண்ணத்துக்குள் பந்து திரும்புவதுபோல மூட்டுகள் செய்து குழாய்களைக் கோத்தார்.

அடுத்த நகல் தந்திக் கம்பியிலிருந்து எடுத்தது. இரண்டாம் உலகப்போரில் ஆங்கிலக் கால்வாய்க்கு அடியில் பெட்ரோல் அனுப்ப வழி தேடியபோது, ஆர்தர் ஹார்ட்லி என்ற பொறியாளருக்குப் பொறிதட்டியது: கடலடிக் கேபிளின் நடுவிலுள்ள செம்பையும் காப்பையும் உருவிவிட்டால் மிஞ்சுவது குழாய்தானே! ஈயக் குழாய்மேல் எஃகுக் கம்பி சுற்றி, கப்பலில் சுருட்டி வைத்து, போகப்போக இறக்கினார்கள். 1944 ஆகஸ்டில் முதல் முயற்சியைக் கெடுத்தது எதிரியல்ல. துணைக்கு வந்த போர்க்கப்பலின் நங்கூரமே குழாயில் மாட்டிக்கொண்டது.

படுகைமேல் கிடக்கும் எதற்கும் நங்கூரம்தான் எமன். தப்பிக்கும் வழி 1971-இல் கலிபோர்னியாவின் பஹாரோ என்ற, கப்பலே போகாத சிற்றாற்றில் பிறந்தது. மார்ட்டின் செரிங்டன் என்ற ஒப்பந்தக்காரர் சாய்வாகத் துளைத்து, படுகைக்குக் கீழே வளைந்து போய், அக்கரையில் தலைநீட்டினார். துளைமுனையின் ஒரு பக்கம் சரிவாகச் சீவப்பட்டிருக்கும். சுழற்றிக்கொண்டே தள்ளினால் நேரே போகும். சுழற்றாமல் தள்ளினால் சரிவு பார்த்த பக்கத்துக்கு எதிர்ப்பக்கம் வளையும். பென்டோனைட் களிமண் கரைசல் துளை இடியாமல் தாங்கும். பிறகு துளையை அகலப்படுத்தி, முழுக் குழாயையும் அக்கரையிலிருந்து ஒரே இழுப்பாக இழுத்துவிடுவார்கள். எனக்கு இதில் மிகப் பிடித்தது, ஆற்றைத் தொடவே வேண்டாம் என்பதுதான்.

2022-இல் அந்த வித்தை இன்னொரு ஆற்றுத் தீவுக்குப் போனது. அசாமில் ஜோர்ஹாட்டுக்கும் மாஜுலித் தீவுக்கும் நடுவே, பிரம்மபுத்திராவுக்கு அடியில் 4 கி.மீ.க்கும் மேல் துளைத்து 24 அங்குல எரிவாயுக் குழாயை இழுத்தார்கள். மழைக்காலந்தோறும் படுகையை அரித்துப் பாதை மாற்றும் ஆறு அது. மேலே நிமாதி படித்துறையிலிருந்து ஆட்களையும் மோட்டார் சைக்கிள்களையும் ஏற்றிக்கொண்டு மாஜுலிப் படகுகள் வழக்கம்போலப் போய்வந்தன.