மதுரையும் மதியமும்

பாண்டியர் தம்மைத் திங்கள் மரபினர் எனக் கூறிக்கொண்டனர். எட்டாம் நூற்றாண்டினதாகிய பராந்தக நெடுஞ்சடையனின் வேள்விக்குடிச் செப்பேடு அம்மரபை எடுத்துரைக்கின்றது. சிலப்பதிகாரமும் பாண்டியனைத் திங்கட் குலத்தவனாகவே அறியும். சோழர் ஞாயிற்றைக் குலமுதலாகக் கொண்டதுபோல் இதுவும் அரசர்தம் பெருமைக்கென எழுந்த வழக்கே. அவ்வளவில் நின்றிருந்தால் அத்திங்கள் செப்பேட்டிலேயே தங்கிப்போயிருக்கும். மதுரையில் அது அரசர் குடியை விட்டு ஊரின் பெயருக்குள்ளும், பின்னர் உழுகுடிகளின் விழா நாளுக்குள்ளும் இறங்கி வந்தது.

ஊர்ப்பெயர்க் கதையைப் பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணம் கூறுகின்றது. மணவூர் வணிகனாகிய தனஞ்செயன் கடம்பவனத்தில் ஒரு சோமவார இரவில் தேவர்கள் சிவலிங்கத்தை வழிபடக் கண்டான். செய்தியறிந்த குலசேகர பாண்டியன் காடு திருத்தி நகரெடுத்தான். அந்நகர் தூய்மையுறும்பொருட்டு இறைவன் தன் சடையிலுள்ள பிறையின் அமுதத்தைத் தெளித்தான்; அந்த மதுரத்தால் ஊர் மதுரையாயிற்று என்பது புராணம். எனினும் கிறித்துவுக்கு முற்பட்ட அழகர்மலைத் தமிழி எழுத்துகளில் இவ்வூர் ‘மதிரை’ என்றே காணப்படுகின்றது. இவ்வடிவத்தில் ‘மதி’ ஒலிக்கின்றதே என்று மகிழ்வாரும் உளர். ஒலி ஒப்புமை ஒன்றே சொல்லாய்வுக்குச் சான்றாகாது. ஊர் முந்தியது, அமுதக் கதை பிந்தியது என்ற அளவில் அமைவதே முறை.

கதை பிந்தியதாயினும் அதன் பொருத்தம் வியப்புக்குரியது. திங்கள் மரபில் தோன்றிய தடாதகைப் பிராட்டியை மணக்க வரும் சொக்கநாதரின் சடையில், மணமகளின் குலமுதல்வனே பிறையாக வீற்றிருக்கின்றான். மணந்தபின் இறைவன் சுந்தர பாண்டியனாகி அக்குலத்திலேயே முடிசூடுகின்றான்.

அத்திருமணம் இன்று சித்திரையில் நடைபெறுகின்றது. முற்காலத்தில் அது மாசி மாதத்து விழாவென்றும், திருமலை நாயக்கர் (1623–1659) அதனைச் சித்திரைக்கு மாற்றினாரென்றும் வழிவழியாகக் கூறுவர். இச்செய்திக்குத் துணை நிற்பவை மதுரைத் தெருக்களே. கோயிலை அடுத்துச் சித்திரை வீதிகள். அவற்றுக்கு வெளியே ஆவணி மூல வீதிகள். அதற்கும் வெளியே மாசி வீதிகள். ஆனால் சித்திரைத் திருவிழாவின் தேர் ஓடுவது சித்திரை வீதியில் அன்று, மாசி வீதியில்! விழா மாதம் மாறியது. தேரின் வழியும் தெருவின் பெயரும் மாறவில்லை.

திருமாலிருஞ்சோலை அழகரோ அதற்கு முன்பே சித்திரை முழுமதியன்று வைகைக்கு வந்துகொண்டிருந்தவர். துருவாசரின் சாபத்தால் தவளையாகிய மண்டூக முனிவருக்கு விடுதலை தருவதே அவ்வருகையின் நோக்கம். அவர் இறங்கிய இடம் சோழவந்தானை அடுத்த தேனூர். இரு விழாக்களையும் ஒன்றுசேர்த்தபோது அழகரின் வழி மதுரைக்குத் திரும்பியது. சைவ, வைணவ ஒற்றுமைக்காக மன்னர் செய்த ஏற்பாடு என்று இதனைப் போற்றுவது வழக்கம். போற்றலாம், தேனூர் இழந்ததையும் உடன் எண்ண வேண்டும். வண்டியூரில் முனிவருக்குச் சாபம் நீங்கும் மண்டபம் இன்றும் தேனூர் மண்டபம் என்றே வழங்குகின்றது. இழந்த ஊருக்கு எஞ்சியது அப்பெயர்.

மன்னர் மாற்றியது மாசி விழாவை. சித்திரை முழுமதியை அவர் அசைக்கவில்லை. அசைத்திருக்கவும் இயலாது. அறுவடை முடிந்து வயல் ஓய்ந்திருக்கும் காலம் அது. விளக்கில்லாத வழிகளில் வண்டி கட்டிக்கொண்டும் நடந்தும் வருவோருக்கு இரவெல்லாம் நிலவே விளக்கு. அழகர்கோயிலிலிருந்து மதுரைக்கு ஏறத்தாழ 21 கிலோமீட்டர். அவ்வழி நெடுக மண்டகப்படிகளில் தங்கித் தங்கிக் கள்ளர் கோலத்தில் அழகர் வருகின்றார். தங்கையின் திருமணத்துக்கு வந்த அண்ணன், மணம் முடிந்துவிட்டதறிந்து ஊருக்குள் நுழையாமல் சினந்து திரும்பினான் என்பது மக்கள் கதை. கோயில் மரபு இதனைச் சொல்வதில்லை. தொ. பரமசிவன் தம் ‘அழகர் கோயில்’ (1989) ஆய்வில், இவ்விழா நாட்டுப்புற மக்களோடு கொண்ட உறவை விரிவாக ஆராய்ந்துள்ளார். இருவேறு விழாக்களின் நாள் இடைவெளிக்கு மக்கள் கண்ட விளக்கமே அக்கதை எனலாம். அரசாணையைக் காட்டிலும் அதுவே விழாக்களை இறுகப் பிணைத்தது.

2020, 2021 ஆகிய ஈராண்டும் கொரோனா பெருந்தொற்றால் அழகர் மலையை விட்டு இறங்கவில்லை. திருக்கல்யாணம் மக்கள் கூட்டமின்றிக் கோயிலுக்குள் நடந்தேறியது. மண்டூக முனிவருக்குரிய சடங்கும் அழகர்கோயில் வளாகத்துள்ளேயே முடிந்தது. சித்திரை நிலவு மட்டும் ஆளற்ற வைகை மணலில் காய்ந்தது. 2022ஆம் ஆண்டுச் சித்திரை முழுமதியன்றுதான் கள்ளழகர் மீண்டும் ஆற்றில் இறங்கினார்.