சேலத்தில் திறந்த அலிபாபா குகை

தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் எங்கே உருவானது? சென்னை என்று நினைத்தால் தவறு. நம்ம சேலத்தில்தான்!

திருச்செங்கோட்டில் பிறந்த டி.ஆர்.சுந்தரம், இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் ஜவுளித் தொழில்நுட்பம் படித்தவர். ஊர் திரும்பியவர் சினிமாவில் இறங்கி, 1930களில் சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸைத் தொடங்கினார். மலையாளத்தின் முதல் பேசும்படமான 'பாலன்' (1938) இந்நிறுவனத் தயாரிப்பே.

கறுப்பு வெள்ளையைவிட வண்ணத்துக்குச் செலவு அதிகம். அந்தப் பணத்தை 1956இல் அவர் புராணக் கதையில் போடவில்லை. குழந்தைகள் வாய்விட்டுச் சிரிக்கும் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' படத்தில் போட்டார். எம்.ஜி.ஆர்., பானுமதி, தங்கவேலு நடிக்க, கொள்ளைத் தலைவனாக மிரட்டினார் பி.எஸ்.வீரப்பா.

சுந்தரம் 1963இல் மறைந்தார். இன்று ஸ்டுடியோ இல்லை. ஏற்காடு சாலையில் நுழைவு வளைவு மட்டும் நிற்கிறது. அந்தப் பக்கம் போனால், ஒரு நிமிடம் நின்று பாருங்கள்.