மணல் மூடின ஊர்: வல்லிபுரம்

வல்லிபுரம் எண்டதும் எங்களில கனபேருக்கு ஞாபகம் வாறது ஆழ்வார் கோயிலும் புரட்டாதித் திருவிழாவும் கடல் தீர்த்தமும்தான். ஆனால் அந்தக் கோயிலைச் சுத்திக் கிடக்கிற மணலுக்கு இரண்டாயிரம் வருசக் கதை ஒண்டு இருக்கு. அந்தக் கதையையும் இப்ப அந்த மணலுக்கு நடக்கிறதையும் சேர்த்துத்தான் பார்க்கவேணும்.

முதலில இடத்தைப் பார்ப்பம். பருத்தித்துறையிலிருந்து தென்கிழக்காக, கற்கோவளம், மணற்காடு, அம்பன், நாகர்கோவில் எண்டு கரையோரமாக நீளுது ஒரு மணல்மேட்டுத் தொடர். அதின்ர வடக்குப் பக்கத்தில இருக்கிறதுதான் வல்லிபுரம். கிழக்கே கடல், மேற்கே கடல்நீரேரி. நடுவில ஒடுங்கின நிலம். பனையும் அடம்பன் கொடியும் இராவணன் மீசையும்தான் மணலைப் பிடிச்சு வைச்சிருக்கு. காத்து மணலை ஓயாமல் நகர்த்தும். மணற்காட்டில மணலுக்குள்ள புதைஞ்சு கிடக்கிற பழைய அந்தோனியார் தேவாலயத்தைப் பார்த்தவைக்கு இது விளங்கும்.

யாழ்ப்பாணக் குடாநாட்டில வருசம் முழுக்க ஓடுற ஆறு இல்லை. வடகீழ்ப் பருவமழை நிலத்துக்குள்ள இறங்கி, உப்பு நீருக்கு மேல நன்னீராக மிதந்து நிக்கும். மணல்மேடுகள் அந்த மழையை உறிஞ்சி வைச்சிருக்கிற தொட்டி மாதிரி. கடற்கரைக்கு இவ்வளவு கிட்டவும் ஆழமில்லாத கிணறுகளில நல்ல தண்ணி கிடைக்கிறது இதாலதான். பழங்காலத்திலயே இங்க சனம் குடியிருந்ததுக்கும் கடலும் தண்ணியும்தான் காரணமாக இருந்திருக்கவேணும்.

அந்தக் குடியிருப்புக்கு எழுத்துச் சான்றும் இருக்கு. 1936இல் வல்லிபுரத்தில நாலு வரி பொறிச்ச ஒரு பொற்தகடு கிடைச்சது. எழுத்து பிராமி. வசப மன்னனின்ர ஆட்சியில, இசிகிராய எண்ட அமைச்சர் நாகதீவை ஆண்ட காலத்தில, படகர அதன எண்ட இடத்தில பியகுக திஸ்ஸ ஒரு விகாரை கட்டினார் எண்டு அது சொல்லுது. வசபனின்ர ஆட்சியைப் பொதுவாகக் கி.பி. 67 முதல் 111 வரை எண்டு கணிக்கினம். பாளி நூல்களில வாற நாகதீபம் யாழ்ப்பாணப் பகுதிதான் எண்டதுக்கு இந்தத் தகடு முக்கியமான ஆதாரம். பரணவிதான இதின்ர மொழியைப் பழஞ்சிங்களம் எண்டார். தமிழ் ஆய்வாளர்கள் சிலர் அதில தமிழின் செல்வாக்கைக் காட்டி, 'படகர' எண்டது 'வடகரை'யாக இருக்கலாம் எண்டு வாதிட்டினம்.

இதே ஊரில ஒரு புத்தர் சிலையும் கிடைச்சது. அது யாழ்ப்பாணம் பழைய பூங்காவில கனகாலம் கிடந்து, 1906 அளவில ஆளுநர் பிளேக்கால சீயம் மன்னருக்குப் பரிசாகக் கொடுக்கப்பட்டது. எங்கட மண்ணில கிடைச்ச சிலையை எங்களைக் கேளாமலே காலனித்துவ அரசு தூக்கிக் கொடுத்திட்டுது.

இந்தப் பௌத்த எச்சங்களைப் பற்றிக் கதைக்கவே எங்கட ஆக்கள் தயங்குகினம். அதுக்கு நியாயமும் இருக்கு. புத்தர் சிலை கண்ட இடமெல்லாம் சிங்கள நிலம் எண்டு உரிமை கோருற அரசியலை நாங்கள் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறம். ஆனால் மௌனமாக இருந்தால் அந்த வரலாற்றை எழுதுற வேலை மற்றவையின்ர கைக்குத்தான் போகும். மணிமேகலை பௌத்தக் காப்பியம். வீரசோழியம் பௌத்தர் எழுதின இலக்கணம். தமிழர் பௌத்தராகவும் இருந்திருக்கினம். ஒரு ஊரில ஒரு காலம் விகாரையும் பிறகொரு காலம் ஆழ்வார் கோயிலும் இருந்தது அந்த ஊரின்ர முழு வரலாறு. அதை இன்னொரு இனத்திட்ட கையளிக்கவேண்டிய தேவை எங்களுக்கு இல்லை.

கோயிலின்ர கதையும் கடலோட சேர்ந்ததுதான். மூலஸ்தானத்தில உருவச்சிலை இல்லை, சக்கரம்தான். கடலில வந்த மீன் ஒண்டு சக்கரமாக மாறினது எண்டு ஐதீகம். தொல்லியல் சான்றாக அதை எடுக்கேலாது. ஆனால் கடலை நம்பி வாழ்ந்த சனத்தின்ர நினைவு அதில இருக்கு.

இப்ப பிரச்சினைக்கு வருவம். யுத்தத்துக்குப் பிறகு வீடுகளும் வீதிகளும் கட்டக் கட்ட மணலின்ர தேவை ஏறிச்சு. வடமராட்சி கிழக்கில டிப்பர்களில மணல் போகத் தொடங்கிச்சு. வீடு கட்ட மணல் வேணும்தான், அதை மறுக்கேலாது. ஆனால் ஒரு மேட்டை வெட்டினால் மூண்டு விசயம் ஒண்டாகப் போகும். மழைநீரைத் தேக்கிற தொட்டி சுருங்கி, கிணறுகளுக்குள்ள உவர் ஏறும். புயலையும் கடலையும் மறிக்கிற தடுப்பு இல்லாமல் போகும். 2004 சுனாமி இந்தக் கரையை என்ன செய்தது எண்டு எங்களுக்குத் தெரியும். மூண்டாவது, இன்னும் தோண்டிப் பார்க்காத பழைய குடியிருப்பு மண் கலைஞ்சுபோகும். ஓடுகள் எந்தப் படையில கிடந்தது எண்டதை வைச்சுத்தான் காலத்தைக் கணிக்கிறது. டிப்பரில ஏறின மண்ணுக்குப் படை இல்லை.

அடம்பன் கொடியும் திரண்டால் மிடுக்கு எண்டு எங்கட பழமொழி சொல்லுது. மணலைப் பிடிச்சு நிக்கிறதும் அந்தக் கொடிதான். வல்லிபுரத்தின்ர வரலாற்றைப் பற்றி மேடையில பெருமை பேசுற நாங்கள், பிரதேச சபைக் கூட்டத்தில மணலைப் பற்றியும் கேள்வி கேட்கவேணும். மணல் போனால் தண்ணியும் போகும், எங்கட வாதத்துக்கான சான்றும் போகும்.