மொழியின் பணிகள்: பாலக்காடு – இடுக்கி எல்லைப் பகுதி

அன்றாடப் பேச்சில் மொழி செய்யும் வேலைகளை மொழியியலார் மொழியின் பணிகள் என்பர். செய்தி சொல்லுதல், உணர்ச்சியை வெளியிடுதல், பிறரை ஏவுதல், உறவைப் பேணுதல், மொழியைப் பற்றியே பேசுதல், சொல்லின் அழகில் திளைத்தல், சொல்லாலேயே ஒரு செயலை நிறைவேற்றுதல் என அவை பலவகைப்படும். ஒரே மொழி வழங்கும் ஊரில் இவை ஒன்றோடொன்று கலந்து கிடப்பதால் பிரித்தறிவது கடினம். கேரளத்தின் பாலக்காடு, இடுக்கி மாவட்டங்களின் தமிழ்நாட்டு எல்லையோரத்தில் தமிழ், மலையாளம், பழங்குடி மொழிகள் ஆகியவை அடுத்தடுத்து வழங்குகின்றன. எந்த வேலைக்கு எந்த மொழி என்ற எழுதப்படாத பங்கீடு அங்கே இருப்பதால், மொழியின் பணிகள் தனித்தனியே கண்ணுக்குத் தெரிகின்றன.

கருத்தின் வரலாறு

சொல்லின் வடிவம் ஒன்று, அதன் நோக்கம் வேறு என்பதைத் தமிழ் இலக்கண மரபு முன்பே கண்டிருக்கிறது. தொல்காப்பியத்தின் கிளவியாக்கம் வினாவையும் விடையையும் ஆராய்கிறது. பவணந்தி முனிவரின் நன்னூல் வினாவை ஆறாகவும் விடையை எட்டாகவும் வகுக்கிறது. இவற்றுள் கொளல்வினா ஒன்றைப் பெறுவதற்காகவும், கொடைவினா கொடுப்பதற்காகவும், ஏவல்வினா வேலை வாங்குவதற்காகவும் கேட்கப்படுபவை. கேள்வியின் வடிவில் இருந்தாலும் இவை எதுவும் அறியாததை அறியக் கேட்பவை அல்ல.

மேலை மொழியியலில் புரோனிஸ்லாவ் மலினோவ்ஸ்கி 1923இல், செய்தி ஏதும் இன்றி உறவுக்காக மட்டுமே நிகழும் பேச்சைச் சுட்டிக்காட்டினார். கார்ல் பியூலர் 1934இல் மொழியின் பணிகளை மூன்றாகப் பகுத்தார். ரோமன் யாக்கப்சன் 1960இல் அவற்றை ஆறாக விரித்தார். சில சொற்கள் செயலை விவரிப்பதில்லை, அவையே செயலாகின்றன என்ற ஜே. எல். ஆஸ்டினின் கருத்து 1962இல் நூலாக வந்தது.

நிலமும் மக்களும்

1949க்கு முன் இப்பகுதிகள் மூன்று ஆட்சிகளின் கீழ் இருந்தன. பாலக்காடு சென்னை மாகாணத்தின் மலபார் மாவட்டத்திலும், சித்தூர் கொச்சியிலும், தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூரிலும் சேர்ந்திருந்தன. தேவிகுளம், பீர்மேடு வட்டங்களைத் தமிழ்நாட்டோடு இணைக்க வேண்டும் என்று மார்ஷல் நேசமணி தலைமையிலான திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது. 1956 நவம்பர் 1 அன்று நடந்த மாநிலச் சீரமைப்பில் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் தமிழகத்துக்கு வந்தன. தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்திலேயே நின்றன. பாலக்காடு மாவட்டம் 1957 ஜனவரி 1 அன்றும், இடுக்கி மாவட்டம் 1972 ஜனவரி 26 அன்றும் உருவாயின.

மேற்குத் தொடர்ச்சி மலையில் பாலக்காட்டுக் கணவாய் அகலமான திறப்பு. அதன் வழியே கொங்கு நாட்டுப் பேச்சு கொழிஞ்சாம்பாறை, எருத்தேம்பதி, வடகரப்பதி, முதலமடை வரை பரவியிருக்கிறது. பாலக்காட்டு அக்கிரகாரங்களிலும் இராவுத்தர் வீடுகளிலும் தமிழ் வீட்டுமொழியாக நீடிக்கிறது. இடுக்கியில் மூணாறு, பீர்மேடு தேயிலைத் தோட்டங்களுக்கு ஆள்சேர்க்கும் கங்காணிகள் வழியே வந்தவர்களின் வழித்தோன்றல்கள் தமிழ் பேசுகின்றனர். மறையூர், காந்தளூர், வட்டவடை ஊர்களின் தமிழ்க் குடிகள் தோட்டங்களுக்கு முந்தியவை. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இடுக்கி மாவட்டத்தில் ஏறத்தாழ ஆறில் ஒருவருக்குத் தமிழ் தாய்மொழி. அட்டப்பாடியில் இருளர், முடுகர், குறும்பரும், இடுக்கியில் முதுவர், மன்னான், ஊராளி, பளியர் முதலியோரும் வாழ்கின்றனர்.

அன்றாடப் பேச்சில் பணிகள்

செய்தி. விலை, எடை, வண்டி நேரம், மழை ஆகியவை பற்றிய பேச்சில் எந்த மொழி என்பதைப் பொருளின் போக்குவரத்தே பெரிதும் தீர்மானிக்கிறது. இடுக்கியில் விளையும் ஏலக்காய் வண்டன்மேட்டை அடுத்த புற்றடியிலும், மலைக்குக் கீழே போடிநாயக்கனூரிலும் ஏலம் போகிறது. ஆகவே தோட்டக்காரர் மலையாளியாக இருந்தாலும் விலைநிலவரத்தை இரு மொழியிலும் கேட்டுப் பழகியிருப்பார். பட்டயம், நீதிமன்ற அறிவிப்பு போன்ற எழுத்துச் செய்திகள் மலையாளத்திலோ ஆங்கிலத்திலோ வருகின்றன. தமிழை மட்டும் படிக்கத் தெரிந்தவருக்கு இங்கே இடையாள் தேவைப்படுகிறார்.

ஏவல். தேனி மாவட்டத்திலிருந்து பெண் தொழிலாளர்கள் குமுளி, கம்பம்மெட்டு, போடிமெட்டு வழியாக ஜீப்பில் ஏலக்காய்த் தோட்டங்களுக்கு நாள்தோறும் வந்து திரும்புகின்றனர். வேலை வாங்கும் மொழி இங்கே தமிழ். மலையாளி முதலாளியும் மேற்பார்வையாளரும் அதைக் கற்றுக்கொள்கின்றனர். கொழுந்து கிள்ளும் இடத்தில் “கூடை இன்னும் நிறையலையா?” என்பது ஏவல்வினா. “நாளைக்கு வர்றியா?” என்பதற்கு “காய்ச்சலா இருக்கு” என்று வரும் பதில், நன்னூல் சொல்லும் உற்றதுரைத்தல் விடை. மறுப்புச் சொல் இல்லாமலேயே அது மறுத்துவிடுகிறது.

உறவு. கொழிஞ்சாம்பாறைச் சந்தைப் பக்கம் “ஏனுங்க, சந்தைக்குங்களா?” என்று கேட்பவருக்குப் பதிலில் அக்கறை இல்லை, கண்டும் காணாமல் போகவில்லை என்று காட்டுவதே நோக்கம். தமிழில் “சாப்டாச்சா?” செய்யும் வேலையை மலையாளத்தில் “எந்தா விசேஷம்?” செய்கிறது. இருமொழியாளர் பொதுவாக எதிரே வருபவரின் மொழியில் நலம் விசாரித்துவிட்டு, காரியத்தைத் தமக்கு வசதியான மொழியில் பேசுவார். விளிச்சொற்களும் அப்படியே: தமிழர் மலையாளியைச் ‘சேட்டா’, ‘சேச்சி’ என்பதும், மலையாளி தமிழ்க் கடைக்காரரை ‘அண்ணாச்சி’ என்பதும் வழக்கம்.

உணர்ச்சியும் அடையாளமும். மலையாளம் சரளமாகப் பேசுபவரும் சினத்திலும் ஒப்பாரியிலும் தாய்மொழிக்குத் திரும்புகிறார். 2015 செப்டம்பரில் மூணாற்றுத் தோட்டப் பெண்கள் தொழிற்சங்கத் தலைமைகளை விலக்கிவிட்டு ‘பெம்பிளை ஒருமை’ என்ற பெயரில் திரண்டனர். 20 விழுக்காடு போனஸ் வேண்டும், 232 ரூபாய் நாட்கூலியை 500 ரூபாயாக உயர்த்த வேண்டும் என்று அவர்கள் எழுப்பிய முழக்கங்கள் தமிழில் ஒலித்தன. பிளவுபடுத்தவும் மொழி பயன்படுகிறது. கேரளத்தில் தமிழரைப் ‘பாண்டி’ என்பது இகழ்ச்சி. 2011 இறுதியில் முல்லைப் பெரியாறு அணைத் தகராறு முற்றியபோது எல்லையோரத்தில் ஒருவர் பேசும் மொழியே அவர் எந்தப் பக்கம் என்பதற்கு அடையாளமாயிற்று.

மொழி பற்றிய பேச்சு. நெருங்கிய இரு மொழிகள் சந்திக்கும் இடத்தில் பொருள் மயக்கம் ஓயாது. மலையாளத்தில் வெள்ளம் என்பது தண்ணீர், பட்டி என்பது நாய். எனவே ‘எந்த அர்த்தத்தில் சொன்னீர்கள்’ என்று விளக்கம் கேட்பதும், சொல்லைத் திருத்திக்கொள்வதும், அதை வைத்தே கேலி செய்வதும் இங்கே சாதாரணம்.

அழகியல். பாலக்காட்டுப் பகுதியின் பகவதி கோயில்களில் நடக்கும் தோல்பாவைக்கூத்து கம்பராமாயணப் பாடல்களைத் தமிழிலேயே பாடுகிறது. புலவர் எனப்படும் கலைஞர்கள் கூத்துமாடத்தில் இரவு முழுதும் பாடி விளக்கம் சொல்வர். அது தேவிக்காக நிகழ்த்தப்படுவதால் எதிரே ஆள் இல்லாவிட்டாலும் கூத்து நிற்காது. செய்தியும் ஏவலும் அற்ற இந்த இடத்தில், அன்றாடத்தில் மலையாளம் பேசும் ஊரிலும் தமிழ் நிலைத்துவிட்டது. அட்டப்பாடியைச் சேர்ந்த இருளர் பாடகி நஞ்சியம்மா ‘அய்யப்பனும் கோஷியும்’ (2020) படத்தில் தம் மொழியில் பாடியதற்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது பெற்றார். அலுவலகத்திலோ சந்தையிலோ இடம் கிடைக்காத மொழிக்குப் பாட்டில் இடம் கிடைத்தது.

செயற்சொல். உறுதிமொழி, சபதம், ஏலக்கேள்வி போன்றவற்றில் சொல்வதே செய்வதாகும். வாசகம் பிசகினால் செயல் நிறைவேறாது. தேவிகுளம் சட்டமன்ற உறுப்பினர் ஏ. ராஜா 2021 மே 24 அன்று கேரளப் பேரவையில் தமிழில் உறுதிமொழி ஏற்றார். அவருக்குத் தரப்பட்ட தமிழ் வாசகத்தில் ‘கடவுளின் பெயரால்’ என்பதோ ‘உளமார’ என்பதோ இல்லை. அந்த உறுதிமொழி செல்லாதெனக் கருதப்பட்டதால் ஜூன் 2 அன்று பேரவைத் தலைவர் எம். பி. ராஜேஷ் முன்னிலையில் மீண்டும் ஏற்றார். அவர் சொல்ல வந்தது அவையில் எல்லோருக்கும் விளங்கியிருந்தது. ஆனால் சொல் செய்யவேண்டிய செயல் முதல்முறை நடக்கவில்லை.

சட்டமும் கல்வியும்

1969ஆம் ஆண்டின் கேரள ஆட்சிமொழிச் சட்டம், தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் அரசோடு தம் மொழியில் கடிதத் தொடர்பு கொள்ளவும், அதே மொழியில் பதில் பெறவும் வழி செய்கிறது. உள்ளூர் அலுவலகங்களைப் பொறுத்தவரை இவ்வுரிமை மொழிச் சிறுபான்மைப் பகுதியாக அறிவிக்கப்பட்ட இடங்களுக்கு உரியது. தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் பெற அரசமைப்பின் 350அ பிரிவு வசதி கோருகிறது. எல்லைப் பகுதிகளில் தமிழ்வழிப் பள்ளிகள் உள்ளன. சித்தூர் அரசுக் கல்லூரியில் தமிழ்த் துறை இருக்கிறது. கேரளத்தின் 2017ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று பள்ளிகளில் மலையாளத்தைக் கட்டாயப் பாடமாக்கியது. சட்டங்கள் நேரடியாகத் தொடுவது எழுத்துவழிப் பணிகளையே. சந்தை, வீடு, வேலைத்தளம் ஆகியவற்றின் பேச்சு சட்டங்களின் எல்லைக்கு வெளியே நிகழ்கிறது.

மாறும் பங்கீடு

இப்பங்கீட்டில் பழங்குடி மொழிகளின் பங்கு சுருங்கிவருகிறது. கேரளத்தின் முதல் பழங்குடி ஊராட்சியாக 2010இல் அமைந்த இடமலைக்குடியில் முதுவர் தம்முள் தம் பேச்சைப் பேசினாலும், பள்ளியும் மருத்துவமும் அரசுத் திட்டங்களும் மலையாளத்தில் வருகின்றன. தோட்டத் தொழிலாளர் குடும்பங்களின் இளைய தலைமுறை வேலைவாய்ப்புக்காக மலையாள, ஆங்கிலவழிக் கல்வியை நாடுகிறது. ஜார்க்கண்ட், அசாம் போன்ற மாநிலங்களிலிருந்து தொழிலாளர் வருவதால், நெடுங்காலம் தமிழே செய்துவந்த ஏவல் பணியை மூணாறு, ஏலமலைத் தோட்டங்களில் இந்தியும் பகிர்ந்துகொள்கிறது. ஒரு மொழி வாழ்கிறதா என்பதைப் பேசுவோரின் எண்ணிக்கை மட்டும் சொல்லிவிடாது. எத்தனை பணிகள் அதன் கையில் எஞ்சியிருக்கின்றன என்பதையும் கணக்கிட வேண்டும் என்பதே இவ்வெல்லைப் பகுதி மொழி ஆய்வுக்குத் தரும் பாடம்.