லீட்ஸ் மாலைப் பள்ளியில் பிறந்த ஊக்கநூல்

சாமுவேல் ஸ்மைல்ஸ் எழுதிய 'செல்ஃப் ஹெல்ப்' ('தன்னுதவி') என்னும் நூல் 1859 நவம்பரில் லண்டனில் வெளிவந்தது. அதே மாதம் அதே பதிப்பாளர் ஜான் முர்ரே வெளியிட்ட மற்றொரு நூல் டார்வினின் 'உயிரினங்களின் தோற்றம்'. டார்வினின் நூலைப் பற்றி அறிஞர்கள் வாதிட்டுக்கொண்டிருக்க, ஸ்மைல்ஸின் நூலைச் சாதாரண மக்கள் வாங்கிப் படித்தார்கள். முதல் ஆண்டில் 20,000 படிகள் விற்றன. 1904இல் ஸ்மைல்ஸ் இறந்தபோது விற்பனை இரண்டரை லட்சத்தை எட்டியிருந்தது. தன்னம்பிக்கை நூல்களுக்கு இன்று ஆங்கிலத்தில் வழங்கும் பொதுப்பெயர் இந்த நூலின் தலைப்புதான்.

ஸ்மைல்ஸ் 1812இல் ஸ்காட்லாந்தின் ஹாடிங்டன் என்ற சிற்றூரில் பிறந்தவர். வீட்டில் பதினோரு பிள்ளைகள். அவர் எடின்பரோவில் மருத்துவம் படித்துக்கொண்டிருந்தபோது, 1832இல், தந்தை காலராவில் இறந்தார். தாய் கடையை நடத்திக் குடும்பத்தைக் கரையேற்றினார். மகனின் படிப்பையும் நிறுத்தவில்லை. மனத்திடத்தைப் பற்றி அவர் பின்னாளில் எழுதியதற்கெல்லாம் முதல் பாடம் அந்தக் கடையில்தான் கிடைத்திருக்க வேண்டும். மருத்துவத் தொழில் அவருக்குச் சோறு போடவில்லை. 1838இல் லீட்ஸ் நகருக்கு வந்து 'லீட்ஸ் டைம்ஸ்' இதழின் ஆசிரியரானார். தொழிலாளருக்கும் வாக்குரிமை வேண்டும் என்று எழுதினார், அதற்கான சங்கத்திலும் உழைத்தார். அரசியல் சீர்திருத்தம் மட்டும் மனிதனை உயர்த்திவிடாது என்ற எண்ணம் அந்த ஆண்டுகளில்தான் அவருக்குள் வலுப்பட்டது.

நூலின் விதை ஒரு மாலைப் பள்ளியில் விழுந்தது. லீட்ஸில் இரண்டு மூன்று தொழிலாளர் இளைஞர்கள், குளிர்கால மாலைகளில் ஒருவர் வீட்டில் கூடி, தமக்குத் தெரிந்ததை ஒருவருக்கொருவர் சொல்லிக்கொடுக்கத் தொடங்கினார்கள். ஆள் சேரச் சேர வீடு போதவில்லை. கோடையில் ஒரு தோட்டத்தில் கூடினார்கள். மறுபடியும் குளிர் வந்தபோது, ஒரு சமயம் காலரா மருத்துவமனையாக இருந்த அறையை வாடகைக்குப் பிடித்தார்கள். நோய்க்குப் பயந்து வேறு யாரும் குடிவராத இடம் அது, வாடகையும் குறைவு. எழுத்து, வாசிப்பு, கணக்கு என்று தொடங்கிய பாடங்கள் புவியியல், வேதியியல், பிறமொழிகள் வரை வளர்ந்தன. ஏறக்குறைய நூறு பேர் சேர்ந்த பிறகு அவர்கள் ஸ்மைல்ஸிடம் போய், தங்களிடம் கொஞ்சம் பேச வேண்டும் என்று கேட்டார்கள். 1845இல் அவர் பேசினார். இங்கிலாந்தில் எல்லாக் குழந்தைகளுக்கும் பள்ளி என்ற ஏற்பாட்டுக்கு அடிகோலிய கல்விச் சட்டம் 1870இல்தான் வந்தது என்பதை நினைத்தால், அந்த இளைஞர்கள் செய்த காரியத்தின் பெருமை விளங்கும். ஊக்கம் ஊட்ட ஒருவர் வருவதற்கு முன்பே அவர்கள் வேலையில் இறங்கிவிட்டார்கள்.

சில ஆண்டுகள் கழித்து, வார்ப்பாலையிலிருந்து நேரே வந்தவர் போன்ற தோற்றத்தில் ஓர் இளைஞர் ஸ்மைல்ஸைத் தேடி வந்தார். தாம் இப்போது பிறருக்கு வேலை கொடுக்கும் நிலையில் இருப்பதாகவும், அன்று கேட்ட பேச்சு மனத்தைவிட்டுப் போகவில்லை என்றும் சொல்லிவிட்டுப் போனார். ஸ்மைல்ஸ் தம் பழைய குறிப்புகளை எடுத்து நூலாக்க முனைந்தது இதன் பிறகுதான். 1855இல் ரூட்லெட்ஜ் நிறுவனம் கையெழுத்துப் பிரதியை மறுத்துவிட்டது. ரயில்வே முன்னோடி ஜார்ஜ் ஸ்டீவன்சனின் வாழ்க்கை வரலாற்றை 1857இல் எழுதிப் பெயர் வாங்கிய பின்னரே 'செல்ஃப் ஹெல்ப்' அச்சேறியது.

நூலில் பொன்மொழிகள் ஏராளம். ஆயினும் அதன் பலம் அவற்றில் இல்லை. ஒவ்வொரு பொன்மொழிக்கும் பின்னால் ஒரு வாழ்க்கையை ஸ்மைல்ஸ் நிறுத்தினார். முடிதிருத்துபவராக இருந்து நூற்பாலை முதலாளியான ஆர்க்ரைட், பீங்கான் தொழிலை உயர்த்திய வெட்ஜ்வுட், நீராவிப் பொறியோடு போராடிய ஜேம்ஸ் வாட் என்று வரிசை நீள்கிறது. பிரெஞ்சுக் குயவர் பெர்னார் பாலிசியின் கதை பலர் மனத்தில் பதிந்தது. வெண்மெருகின் ரகசியத்தைத் தேடி ஆண்டுக்கணக்கில் உழன்ற அவர், விறகு தீர்ந்தபோது வீட்டு மேசை நாற்காலிகளை உடைத்துச் சூளையில் போட்டார். அக்கம்பக்கத்தார் அவரைப் பைத்தியம் என்றார்கள். இத்தகைய கதையோடு சேர்ந்து வரும்போது 'விடாமுயற்சி' என்ற சொல்லுக்கே தனி எடை வந்துவிடுகிறது.

நூலுக்கு எதிர்ப்பும் உண்டு. அது சுயநலத்தைப் போதிப்பதாகச் சிலர் கருதினார்கள். பின்வந்த பதிப்பின் முன்னுரையில் ஸ்மைல்ஸ் இதற்குப் பதில் சொன்னார். பிறருக்கு உதவுவதும் தம் கருத்தில் அடங்கியதே என்றார், தலைப்பு தவறான பொருளைத் தந்துவிட்டதற்கு வருந்தினார். இன்னொரு குறை இதைவிடக் கனமானது. கூலி குறைவாலும் நோயாலும் நொறுங்கிய குடும்பத்திடம் முயற்சியைப் பற்றி மட்டும் பேசினால், வறுமை அவர்கள் குற்றமே என்றாகிவிடும். ராபர்ட் டிரஸ்ஸெல் 1914இல் வெளிவந்த தம் நாவலில் இந்த நூலைக் கடுமையாகச் சாடியதன் காரணம் இதுவே. அந்தக் கண்டனத்தில் நியாயம் இருக்கிறது. வென்றவர்களின் கதைகளே நூலில் நிறைந்திருக்கின்றன. அவர்களைப் போலவே உழைத்தும் தோற்றவர்களுக்கு அதில் இடம் குறைவு.

இதற்கிடையே நூல் கடல் கடந்துவிட்டது. பல ஐரோப்பிய மொழிகளிலும், 1880இல் யாகூப் சர்ரூஃபின் முயற்சியால் அரபியிலும் வெளியானது. எகிப்து மன்னரின் அரண்மனைச் சுவர்களில் எழுதியிருந்த வாசகங்களில் பெரும்பாலானவை ஸ்மைல்ஸுடையவை என்று ஒரு செய்தி வழங்குகிறது.

ஆனால் அந்த நூல் வேரூன்றிய நாடு ஜப்பான். நாகமுரா மசனாவோ கன்பூசிய நூல்களில் கரைகண்ட அறிஞர். 1866இல், அப்போது ஜப்பானை ஆண்ட தோகுகாவா அரசு இங்கிலாந்துக்கு அனுப்பிய மாணவர்களுக்கு மேற்பார்வையாளராகப் போனார். 1868இல் அந்த அரசே கவிழ்ந்ததால் திரும்ப நேர்ந்தது. ஆங்கில நண்பர் ஒருவர் விடைகொடுக்கையில் பரிசளித்த நூல் 'செல்ஃப் ஹெல்ப்'. ஷிசுவோகாவில் தங்கி அதை மொழிபெயர்த்தார். 'சைகோகு ரிஷ்ஷி ஹென்' என்ற பெயரில் 1871இல் நூல் வெளிவந்தது. காலமும் கைகொடுத்தது. பிறப்பால் வகுத்த நான்கு வகுப்புகள் கலைந்துகொண்டிருந்தன. சாமுராய்களின் பரம்பரை மானியம் 1876இல் அடியோடு நின்றது. பிழைக்கும் வழியைப் பிறப்பு காட்டாது என்றான தலைமுறைக்கு, குயவரும் முடிதிருத்துபவரும் நாட்டை உயர்த்திய கதைகள் வழித்துணையாயின. பள்ளிகளில் நூல் ஒழுக்கப் பாடமானது. அதன் கதைகள் கபுகி மேடையும் ஏறின. இங்கிலாந்தில் விற்றதைப் போலப் பல மடங்கு ஜப்பானில் விற்றது.

அதைப் படித்தவர்களில் ஒருவர், 1867இல் தச்சர் வீட்டில் பிறந்த சகிச்சி டொயோடா. நூற்பு, நெசவுப் பொறிகளைக் கண்டறிந்தவர்களின் வரலாறு அந்த நூலில் விரிவாக இருக்கிறது. அவருடைய ஊரிலோ வீட்டுக்கு வீடு கைத்தறி ஓடியது. தறியைத் திருத்த வேண்டும் என்று இறங்கியவர் 1891இல் முதல் காப்புரிமை பெற்றார். 1924இல் நெசவு நிற்காமலே நாடாவை மாற்றும் தானியங்கித் தறியை முழுமையாக்கினார். 1929இல் அந்தத் தறியின் காப்புரிமையை வாங்கியது பிளாட் பிரதர்ஸ் நிறுவனம். ஸ்மைல்ஸ் புகழ்ந்த ஆர்க்ரைட் பிறந்த, இங்கிலாந்தின் லங்காஷயரைச் சேர்ந்தது அது. பேசி ஒப்புக்கொண்ட விலை ஒரு லட்சம் பவுண்டு. சகிச்சி டொயோடா பிறந்த கொசாய் நகரின் நினைவகத்தில் 'செல்ஃப் ஹெல்ப்' நூலின் படி ஒன்று காட்சிக்கு வைக்கப்பட்டிருக்கிறது.