போளூர் வெயிலில் சாலட் கீரை வளருமா? வீட்டுத் தொட்டியில் வளர்ப்பவர்கள் கவனிக்க வேண்டியது என்ன?

பர்கருக்குள் பார்த்த லெட்டூஸை வீட்டிலேயே தொட்டியில் வளர்க்கலாம் என்று யூடியூபில் ஏராளமான வீடியோக்கள் வருகின்றன. ஜவ்வாது மலை அடிவாரத்தில் இருக்கும் போளூர் மாதிரி ஊரில் அது நடக்குமா?

நடக்கும். ஆனா வருஷம் முழுக்க இல்லை. இன்னொரு விஷயமும் இருக்கிறது. குழம்புக்குப் போகும் கீரை அடுப்பில் கொதிக்கிறது. சாலட் கீரை அப்படியே வாய்க்குள் போகிறது. விதை, உரம், தண்ணீர் என எல்லாவற்றிலும் கூடுதல் கவனம் வேண்டியது அதனால்தான்.

லெட்டூஸ் ஏன் அடம் பிடிக்கிறது?

லெட்டூஸுக்குப் பிடித்த வெப்பநிலை சுமார் 15 முதல் 22 டிகிரி செல்சியஸ். 30 டிகிரியைத் தாண்டினால் பெரும்பாலான ரகங்களின் விதை முளைக்கவே மறுக்கும். முளைத்த செடியும் சூடு ஏறினால் சீக்கிரம் பூத்தண்டு விட்டு, இலை கசந்துபோகும்.

மலை மேலே கொஞ்சம் நிலைமை மாறும். 100 மீட்டர் உயரத்துக்குச் சுமார் 0.65 டிகிரி வீதம் வெப்பம் குறையும் என்பது பொதுக் கணக்கு. ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வகம் இருக்கும் இடம் 725 மீட்டர் உயரம். அடிவாரத்தை ஒப்பிட்டால் மூன்று, நான்கு டிகிரி குறைவு.

போளூரில் லெட்டூஸ் ஆசை இருந்தால் கார்த்திகையில் விதைத்து தை முடிவதற்குள் பறித்துவிட வேண்டும். உருண்டையாகக் கட்டும் ரகத்தைவிட, இலை இலையாக விரியும் ரகம் நல்லது. வெளி இலைகளை மட்டும் கிள்ளினால் செடி தொடர்ந்து தரும். ஈரத்துணியில் மடித்த விதையை ஓரிரு நாள் ஃபிரிட்ஜில் வைத்து விதைத்தால் முளைப்பு நன்றாக இருக்கும்.

சித்திரை வெயிலில் என்ன செய்வது?

முளைக்கீரை, சிறுகீரை பக்கம் போக வேண்டியதுதான். சோளம், கரும்பு போல வெயிலைப் பயன்படுத்தத் தெரிந்த செடி வகை இது. விதைத்த 25, 30 நாளில் பறிக்கலாம். இளசாகக் கிள்ளினால் சாலட்டில் சேர்க்கலாம், முற்றினால் கூட்டுக்கு. புதினா, கொத்தமல்லி, வல்லாரை எல்லாம் துவையலில் நாம் ஏற்கெனவே பச்சையாகச் சாப்பிடுபவைதான். இந்த மூன்றையும் கோடையில் நிழல்வலைக்குக் கீழே வைப்பது நல்லது.

வீட்டுக்குள் வெளிச்சம் குறைவு என்றால்?

மைக்ரோகிரீன் எனப்படும் இளந்தளிர் வளர்ப்பு இதற்கு ஏற்றது. வெந்தயம், கடுகு போன்றவற்றைத் தட்டில் தூவி, ஜன்னல் ஓரம் வைத்து, 7 முதல் 10 நாளில் மண்ணுக்கு மேலே வெட்டி எடுப்பது.

பலரும் தவறுவது விதையில்தான். விதைக் கடையில் கிடைக்கும் விதைகள் பல, பூஞ்சாணம் வராமல் இருக்க தைரம், கேப்டான் போன்ற மருந்து கலந்து நேர்த்தி செய்யப்பட்டவை. சிவப்பு, நீலம், பச்சை எனச் சாயம் ஏற்றியிருப்பார்கள். பொட்டலத்தில் எச்சரிக்கையும் இருக்கும். அந்த விதையில் பத்தே நாளில் தளிர் வெட்டிச் சாப்பிடக் கூடாது. மளிகைக் கடை வெந்தயமும் கடுகும் போதும். முள்ளங்கி விதை வேண்டும் என்றால் மருந்து கலக்காத விதை என்று கேட்டு வாங்க வேண்டும்.

முளைகட்டிய பயறு வேறு, இளந்தளிர் வேறு. முளைகட்டியதில் விதை, வேர் எல்லாம் சேர்த்துச் சாப்பிடுகிறோம். விதையில் கிருமி இருந்தால், அந்தக் கதகதப்பிலும் ஈரத்திலும் அதுவும் சேர்ந்தே பெருகும். 2011-ல் ஜெர்மனியில் இ-கோலை கிருமி பரவி சுமார் 4,000 பேர் பாதிக்கப்பட்டனர். 50 பேருக்கு மேல் இறந்தனர். விசாரணை கடைசியில் போய் நின்றது, முளைகட்டிய வெந்தயத்தில். கர்ப்பிணிகள், சின்னக் குழந்தைகள், வயதானவர்கள் முளைகட்டியதை வேகவைத்தே சாப்பிடுவது பாதுகாப்பு.

சாணமும் பஞ்சகவ்யமும் வேண்டாமா?

வேண்டும், ஆனால் இடம் பார்த்து. பச்சைச் சாணம் போட்டால் அறுவடைக்கு 120 நாள் இடைவெளி வேண்டும் என்கிறது அமெரிக்காவின் இயற்கை வேளாண் விதி. மண்ணைத் தொட்டு வளரும் பயிர்களுக்கானது இது. 30 நாள் கீரையில் அது நடக்காத காரியம். அதனால் தொட்டிக்கு நன்றாக மக்கிய எரு அல்லது மண்புழு உரம் மட்டும். பச்சையாகச் சாப்பிடும் இலை மேல் பஞ்சகவ்யம், சாணக் கரைசல் தெளிப்பதைத் தவிர்ப்பது நல்லது. பாத்திரம் கழுவிய தண்ணீரும் வேண்டாம்.

தொட்டி எப்படி இருக்கணும்?

கீரைக்கு அரை அடி ஆழம் போதும். அடியில் ஓட்டை கட்டாயம். செம்மண், தென்னை நார்க்கழிவு, மண்புழு உரம் மூன்றையும் சம அளவு கலந்தால் மாடிக்கும் பாரம் குறைவு. பொடி விதையை மணலோடு கலந்து தூவ வேண்டும். எறும்பு இழுத்துப்போகாமல் இருக்கத் தொட்டியைச் சுற்றிக் கொஞ்சம் நொய் போடுவது பழைய வழி. தினமும் 4 மணி நேரமாவது வெயில் படணும். தொட்டிக்குக் கீழே தட்டு வைத்தால், தேங்கும் தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும். டெங்கு கொசுவுக்கு அதுவே போதும்.

அரசு உதவி உண்டா?

2021-ல் தொடங்கிய முதலமைச்சரின் ஊட்டம் தரும் காய்கறித் தோட்டத் திட்டத்தில், 900 ரூபாய் மதிப்புள்ள மாடித்தோட்டத் தொகுப்பு அப்போது 225 ரூபாய்க்கு வழங்கப்பட்டது. 6 வளர்ப்புப் பைகள், தென்னை நார்க்கட்டிகள், விதைகள், உயிர் உரங்கள் அதில் இருந்தன. இப்போதைய விலையையும் இருப்பையும் வட்டாரத் தோட்டக்கலை அலுவலகத்தில் கேட்கலாம். இன்னொன்று: கத்தரி விதைப் பொட்டலத்தில் 'பி.எல்.ஆர்.' என்று இருந்தால் அது போளூர் இல்லை, கடலூர் மாவட்டத்துப் பாலூர்!

யார் டாக்டரைக் கேட்க வேண்டும்?

சிறுநீரகக் கல் இருப்பவர்கள், முளைக்கீரை, பாலக் போன்ற ஆக்சலேட் அதிகமுள்ள கீரைகளைப் பச்சையாகச் சாப்பிடுவதைத் தவிர்க்கலாம்; வேகவைத்துத் தண்ணீரை வடித்தால் ஆக்சலேட் குறையும். ரத்தம் உறையாமல் இருக்க வார்ஃபரின் சாப்பிடுபவர்கள் கீரை அளவைத் திடீரென்று கூட்டவோ குறைக்கவோ கூடாது. கீரையில் இருக்கும் வைட்டமின் கே அந்த மாத்திரையின் வேலையைக் குறைத்துவிடும்.