காட்ஜில்லாவை ஈன்ற போர்

பூத வடிவங்களைத் திரையில் உலவவிட்டுப் பொருள் ஈட்டுவது சிறுபிள்ளை வித்தை என்று கற்றோர் சிலர் இகழ்வதுண்டு. ஜப்பானிய இயக்குநர் இஷிரோ ஹோண்டாவின் வரலாற்றை அறிந்தோர் அவ்வாறு கூறத் தயங்குவர்.

1911இல் பிறந்த ஹோண்டா, திரைத்தொழில் பயின்றுவந்த நாளிலேயே படைக்கு அழைக்கப்பட்டார், அதுவும் பன்முறை. சீனத்தில் போர்க்கைதியாயிருந்து 1946இல் தாயகம் மீள்கையில், ஹிரோஷிமாவின் அழிவைக் கண்ணாரக் கண்டார்.

1954 மார்ச்சு முதல் நாள் பிகினித் தீவில் அமெரிக்கா வெடித்துச் சோதித்த ஹைட்ரஜன் குண்டின் நச்சுச் சாம்பல், ஜப்பானிய மீன்பிடி கப்பலொன்றின்மீது பொழிந்தது. அவ்வாண்டு நவம்பரிலேயே ‘காட்ஜில்லா’ வெளிவந்தது. அணுகுண்டுச் சோதனையால் கடலடியினின்று கிளர்ந்தெழுந்த விலங்கின் கதை அது. ரப்பர் உடைக்குள் ஓர் ஆள் புகுந்து நடந்தார். மிதியுண்டது எய்ஜி சுபுரயா சமைத்த பொம்மை டோக்கியோ. ஆயினும் அப்படத்தின் மருத்துவமனைக் காட்சியைக் கண்டு நகைப்பார் எவருமிலர். தரையெங்கும் காயமுற்றோர், ஒரு குழந்தையின் அருகே கதிர்வீச்சு அளக்கும் கருவி. விலங்கை வெல்லும் கருவியைக் கண்ட விஞ்ஞானியோ, அது பிறர் கைப்படலாகாதெனக் குறிப்புகளை எரித்துத் தானும் மாள்கிறான்.

1956இல் அமெரிக்கர் இப்படத்தை வெட்டி, தம் நாட்டு நிருபர் ஒருவரை இடையே புகுத்தி வெளியிட்டனர். அணுச்சோதனை பற்றிய பேச்சு பெரிதும் மறைந்தது. விலங்கு மட்டும் எஞ்சியது!

ஹோண்டா பின்னர் ‘ரோடான்’, ‘மோத்ரா’ முதலியன எடுத்தார். முதுமையில் நண்பர் குரோசாவாவுக்குத் துணை நின்றார். மூலப்படம் வெட்டின்றி அமெரிக்க அரங்குகளில் பரவலாக ஓடியது 2004இல். ஹோண்டா மறைந்து அப்போது 11 ஆண்டுகள் ஆகியிருந்தன.